ஒரே ஓர் ஆட்டம்: பேர்ட் ஷெப்பர்ட் என்ற பந்தெறிவாளர்

அமெரிக்க மக்கள் தமது தேசிய விளையாட்டாகப் போற்றும் பேஸ்போல் ஆட்டத்தில் கணக்கு வைப்பது ஒரு தனிக் கலையாகவே வளர்ந்துள்ளது. மேஜர் லீக் என்று அவர்கள் அழைக்கும் முதல்தரப் போட்டிகளில் இருபது ஆண்டுகள் ஆடியவராயினும் சரி, ஒரே ஒரு நாள் களத்தில் இறங்கியவராயினும் சரி, அவருடைய பெயர் பதிவேட்டில் இடம்பெற்றுவிடும். அப்பதிவேட்டின் 1945ஆம் ஆண்டுக்குரிய பகுதியில், வாஷிங்டன் செனற்றர்ஸ் என்ற கழகத்தின் கீழே, ஷெப்பர்ட் என்றொரு பெயர் காணப்படுகின்றது. ஆடிய ஆட்டம் 1. வெற்றி இல்லை, தோல்வியும் இல்லை. எறிந்த இன்னிங்ஸ் ஐந்தும் மூன்றில் ஒன்றும். விட்டுக்கொடுத்த ஓட்டம் 1. சராசரி 1.69. அவ்வளவுதான். அதற்கு முந்திய ஆண்டுகளிலும் அவர் பெயர் இல்லை. பிந்திய ஆண்டுகளிலும் இல்லை.

இந்த ஒற்றை வரியைப் படிப்பவருக்கு, அந்த மனிதர் வலது முழங்காலுக்குக் கீழே செயற்கைக் காலைக் கட்டிக்கொண்டே எறிந்தார் என்பது தெரியவராது. பதிவேட்டில் அதற்கென்று ஒரு நிரல் கிடையாது. அப்படியொரு நிரல் இல்லாதிருப்பது அம்மனிதருக்குச் செய்யப்பட்ட குறையா, அல்லது அவருக்குக் கிடைத்த மதிப்பா என்ற வினாவை மனத்திற்கொண்டு அவருடைய வாழ்க்கையைச் சற்று நோக்குவோம்.

கிரிக்கெட்டோடு பழகிய நமக்குப் பேஸ்போல் புதிராகத் தோன்றலாம். நமது நாட்டில் ஆடப்படும் எல்லே விளையாட்டைக் கண்டவர்களுக்கு அவ்வளவு சிரமம் இராது. பந்தை அடித்துவிட்டு, களத்தின் மூலைகளில் உள்ள தளங்களைத் தொட்டுக்கொண்டு ஒரு சுற்று ஓடி வந்தால் ஓர் ஓட்டம். அணிக்கு ஒன்பது பேர். மூவர் ஆட்டமிழந்தால் ஓர் அணியின் முறை முடியும். இவ்வாறு ஒன்பது முறை மாறி மாறி ஆடுவர். அடிப்பவருக்கு எதிரே ஏறக்குறைய அறுபது அடி தொலைவில், சற்று உயர்ந்த மண்மேட்டின் மீது நிற்பவரே பந்தெறிவாளர். அமெரிக்கர் இவரைப் பிட்சர் என்பர். நமது பந்துவீச்சாளரைப் போல இவர் ஓடிவந்து வீசுவதில்லை. நின்ற இடத்திலேயே உடலை முறுக்கி, ஒரு காலை உயர்த்தி, மறுகாலால் மேட்டை உந்தி, பந்தை நிலத்திற் படாமல் எறிகின்றார். உயர்த்திய கால் நிலத்தில் ஊன்றும் கணத்தில் உடலின் முழுப் பாரமும் அக்காலின் மீது இறங்கும். ஷெப்பர்ட் இடக்கைக்காரர். ஆகவே அவர் உந்துவது இடக்காலால், ஊன்றுவது வலக்காலில். அவர் இழந்ததோ வலக்கால். அவர் எறிந்த ஒவ்வொரு பந்தும் மரமும் உலோகமும் சேர்ந்த ஒரு பொருளின் மீது வந்து விழுந்து நின்ற பந்து என்பதை நேயர்கள் மனத்திலிருத்துதல் வேண்டும்.

பேர்ட் ஷெப்பர்ட் 1920ஆம் ஆண்டு ஜூன் 28ஆம் திகதி இந்தியானா மாநிலத்தில் டேனா என்னும் சிற்றூரிற் பிறந்தவர். இளமையிலேயே பந்தெறிவதையே தொழிலாகக் கொள்ள விரும்பிப் புறப்பட்டார். மேஜர் லீக்கிற்குக் கீழே, சிறு நகரங்களில் சிறு சம்பளத்துக்கு ஆடப்படும் மைனர் லீக் எனப்படும் கீழ்நிலைப் போட்டிகள் பல உண்டு. விஸ்கொன்சின், அரிசோனா முதலிய மாநிலங்களில் நடைபெற்ற இத்தகைய போட்டிகளில் அவர் எறிந்தார். எறியில் வேகம் இருந்தது, குறி போதாது. பந்து எங்கே போகும் என்பது அடிப்பவருக்கு மட்டுமன்றி எறிபவருக்கும் தெரியாத இளைஞர்கள் அந்நாட்களில் ஆயிரக்கணக்கில் இருந்தனர். அவர்களுள் ஒருவராகவே அவரும் இருந்தார். போர் வராதிருந்தால் அவர் உயர்ந்திருப்பாரா, ஊர் திரும்பியிருப்பாரா என்பதை எவரும் சொல்ல இயலாது. போர் வந்தது. 1942இல் அவர் படைக்கு அழைக்கப்பட்டார். விமானியாகப் பயிற்சி பெற்றார்.

இவ்விடத்தில் அக்காலப் பேஸ்போலின் நிலையையும் அறிந்துகொள்ள வேண்டும். அமெரிக்கா போரில் இறங்கியதும் இந்த விளையாட்டை நிறுத்திவிடலாமா என்ற கேள்வி எழுந்தது. 1942 ஜனவரியில் ஜனாதிபதி ரூஸ்வெல்ட், மக்களின் மனச்சோர்வைப் போக்க ஆட்டம் தொடர்வதே நல்லது என்று எழுதினார். ஆட்டம் தொடர்ந்தது, ஆனால் ஆடுபவர்கள் போய்விட்டனர். மேஜர் லீக்கில் ஆடிய ஐந்நூறுக்கும் மேற்பட்டோர் சீருடை அணிந்தனர். பொப் ஃபெலர் கடற்படைக்குச் சென்றார். ரெட் வில்லியம்ஸ் விமானியானார். ஜோ டிமாஜியோ தரைப்படையின் வான்பிரிவிற் சேர்ந்தார். கழகங்கள் முதியவர்களையும், உடற்தகுதியில்லை என்று படையினர் விலக்கியவர்களையும், பள்ளிச் சிறுவர்களையும் கொண்டு இடத்தை நிரப்பின. 1944இல் சின்சினாற்றி கழகம் ஜோ நக்ஸ்ஹோல் என்ற பதினைந்து வயதுச் சிறுவனைப் பந்தெறிய விட்டது. வாஷிங்டன் கழகத்துக்காக 1939இல் ஐந்து ஆட்டங்கள் ஆடிய எல்மர் கெடியன், குண்டுவீச்சு விமானத்தின் விமானியாக 1944 ஏப்ரல் 20ஆம் திகதி பிரான்சில் உயிரிழந்தார். அதற்குச் சரியாக ஒரு மாதமும் ஒரு நாளும் கழித்து, அதே கழகத்துக்குப் பின்னாளில் எறியப் போகும் ஷெப்பர்ட் ஜேர்மனியில் விழுந்தார்.

1944 மே 21. இங்கிலாந்தில் நிலைகொண்டிருந்த 55ஆவது போர்விமானப் பிரிவில் லெப்டினன்ட் ஷெப்பர்ட் பணியாற்றிக் கொண்டிருந்தார். அவர் ஓட்டியது லைட்னிங் எனப் பெயர் பெற்ற, இரட்டை வால் கொண்ட பி-38 விமானம். முப்பதுக்கும் மேற்பட்ட தடவைகள் பறந்து திரும்பியிருந்தார். அவர்களுடைய பிரிவிலும் ஒரு பேஸ்போல் அணி இருந்தது. அன்று அந்த அணியின் ஆட்டத்துக்குத் திரும்பிவிடலாம் என்ற எண்ணத்துடனேயே அவர் பறந்தார் என்று அவரைப் பற்றி எழுதியோர் கூறுவர். வடஜேர்மனியில் லுட்விக்ஸ்லுஸ்ட் நகருக்கு அருகே ஒரு விமானத்தளத்தைத் தாழப் பறந்து தாக்கச் சென்றபோது, விமான எதிர்ப்புப் பீரங்கியின் குண்டுகள் விமானத்தைத் துளைத்து அவருடைய வலக்காலைச் சிதைத்தன. மேவாயிலும் அடி விழுந்தது. நினைவிழந்த நிலையில் விமானத்தோடு நிலத்தில் மோதினார்.

விழுந்த இடம் ஒரு வயல்வெளி. அங்கிருந்த குடியானவர்கள் சினம்கொண்டு விமானத்தைச் சூழ்ந்தனர். நாள்தோறும் குண்டுமழைக்கு ஆளாகியிருந்த மக்களின் சினம் அது. அதனை நாம் விளங்கிக்கொள்ளலாம். அவ்வேளையில் ஜேர்மன் வான்படையின் வைத்தியர் லாடிஸ்லாஸ் லொய்டில் என்பவர் அங்கு வந்து, கைத்துப்பாக்கியைக் காட்டி அவர்களை விலக்கினார். நினைவற்றுக் கிடந்த எதிரியை வாகனத்தில் ஏற்றி வைத்தியசாலைக்குக் கொண்டு சென்றார். குண்டு போட வந்தவனுக்கு இங்கே இடமில்லை என்று அங்கே மறுத்தபோது, மேலிடத்துக்குத் தொலைபேசியிற் பேசி, வேறோர் இடத்தில் அனுமதி பெற்றுக் கொடுத்துவிட்டுத் தம் வழியே போனார். முழங்காலுக்குக் கீழே கால் அகற்றப்பட்டது. ஷெப்பர்ட் கண் விழித்தபோது கால் இல்லை என்பதை அறிந்தார். தம்மைக் காத்தவர் யார் என்பதை அறியவில்லை.

சில மாதங்கள் வைத்தியசாலைகளிற் கழிந்தபின் அவர் மைனிங்கன் என்ற ஊரிலிருந்த போர்க்கைதிகள் முகாமுக்கு அனுப்பப்பட்டார். அங்கே டொன் எரி என்ற கனடா நாட்டவர் கைதியாக இருந்தார். முகாமிற் கிடைத்த பொருட்களைக் கொண்டு, கைவேலைத் திறத்தால், அவர் ஷெப்பர்டுக்கு ஒரு கால் செய்து கொடுத்தார். செயற்கைக் கால் என்றால் என்ன, அது தசையோடு உராயும் இடத்திற் புண் எப்படி வரும், முதல் நாள் நடை எப்படியிருக்கும் என்பவற்றை நமது நாட்டு வாசகர்களுக்கு விளக்க வேண்டிய அவசியமில்லை. இந்தக் கால் பொருந்தியதும் ஷெப்பர்ட் முதலில் நடந்து பார்த்தார். பின்னர் முகாமின் முற்றத்திலேயே பந்தெறிந்து பார்க்கத் தொடங்கினார். உந்துகின்ற கால் சொந்தக்கால். ஊன்றுகின்ற கால் எரி செய்த கால். அது தாங்குமா என்பதே கேள்வி. தாங்கியது.

1945 பெப்ரவரியில், கடுங்காயமுற்ற கைதிகளை இரு தரப்பினரும் பரிமாறிக்கொண்டபோது, ஷெப்பர்ட் தாயகம் திரும்பினார். வாஷிங்டனில் உள்ள வால்ற்றர் ரீட் இராணுவ வைத்தியசாலையில் இருந்தபோது போர்த்துறைத் துணைச் செயலாளர் ரொபர்ட் பற்றர்சன் திரும்பி வந்த கைதிகளைக் காண வந்தார். இனி என்ன செய்ய விரும்புகின்றீர் என்று ஒவ்வொருவரையும் கேட்டார். இயன்றால் மீண்டும் விமானம் ஓட்ட வேண்டும், இல்லையேல் பேஸ்போல் ஆட வேண்டும் என்று ஷெப்பர்ட் கூறினார். செயலாளர் அதனைச் சிரித்து விட்டுவிடவில்லை. வாஷிங்டன் கழகத்தின் உரிமையாளர் கிளார்க் கிரிஃபித்துக்குச் சொல்லி அனுப்பினார். எழுபத்தைந்து வயதை எட்டியிருந்த கிரிஃபித் ஒரு காலத்தில் தாமே பெரும் பந்தெறிவாளராக விளங்கியவர். அவ்வகையில் 237 வெற்றிகளைப் பெற்றவர். பையனை அனுப்புங்கள், பார்ப்போம் என்றார்.

மார்ச் மாத நடுப்பகுதியில், புதிய செயற்கைக் கால் பொருத்தப்பட்டுச் சில நாட்களே ஆன நிலையில், மேரிலாந்து மாநிலத்தின் கொலிஜ் பார்க் என்ற இடத்தில் அமைந்திருந்த பயிற்சி முகாமுக்கு ஷெப்பர்ட் சென்றார். போர்க்காலப் போக்குவரத்துக் கட்டுப்பாடுகள் காரணமாகக் கழகங்கள் தெற்கே வெப்ப நாடுகளுக்குப் போகாமல் ஊருக்கு அருகிலேயே பயிற்சி பெற்ற காலம் அது. செய்தியாளரும் படம் பிடிப்போரும் கூடினர். அவர் எறிந்தார்; அடித்தார்; ஓடிக் காட்டினார். கழகம் அவரைப் பயிற்றுநர் என்ற பெயரில் ஒப்பந்தம் செய்துகொண்டது. ஆட்டத்துக்கு முன்னர் மற்றவர்கள் அடித்துப் பழகுவதற்குப் பந்தெறிந்து கொடுப்பதே அவருடைய நாளாந்த வேலை. மீதி நேரங்களில் வைத்தியசாலைகளுக்குச் சென்று, அவயவம் இழந்த படைவீரர்களுக்கு நடந்து காட்டி நம்பிக்கை ஊட்டினார். பத்திரிகைகள் அவரைப் புகழ்ந்தன. நாடே அறிந்த பெயராயிற்று. ஆயினும் ஏப்ரல் போயிற்று, மே போயிற்று, ஜூன் போயிற்று. உண்மையான ஆட்டம் ஒன்றிலே அவரை எறிய விடுவார் இல்லை.

கழகத்தின் பக்கத்திலும் நியாயம் இருந்தது என்பதை நாம் மறைத்தல் கூடாது. முந்திய ஆண்டு எட்டுக் கழகங்களில் எட்டாவதாக நின்ற வாஷிங்டன், 1945இல் எதிர்பாராத விதமாக முதலிடத்துக்குப் போட்டியிட்டுக் கொண்டிருந்தது. விரல் நுனியாற் பிடித்து, சுழற்சியில்லாமல் எறிவதால் காற்றில் தள்ளாடிச் செல்லும் ஒருவகைப் பந்து உண்டு. அதில் வல்ல பந்தெறிவாளர் நால்வர் அந்தக் கழகத்தில் இருந்தனர். ஒவ்வொரு வெற்றியும் கணக்கில் வரும் பருவத்தில், பந்தை மெல்லத் தட்டிவிட்டு ஓடும் எதிரணியினரை ஒற்றைக்காலர் ஒருவர் துரத்திப் பிடிப்பாரா என்று முகாமையாளர் தயங்கியது வியப்பன்று. இருந்தும், தகுதி இல்லை என்று எவரும் சோதித்துப் பார்த்துச் சொல்லவில்லை என்பதும் உண்மை. ஜூலை 10ஆம் திகதி, போர் நிவாரண நிதிக்காக நடந்த காட்சி ஆட்டம் ஒன்றில் புரூக்ளின் டொட்ஜர்ஸ் கழகத்துக்கு எதிராக அவருக்கு இடம் கிடைத்தது. முதற்பந்திலிருந்து நான்கு இன்னிங்ஸ் எறிந்தார். வாஷிங்டன் வென்றது. ஆனால் காட்சி ஆட்டம் பதிவேட்டிற் சேராது. வேடிக்கை பார்க்க வந்த கூட்டம் கைதட்டிவிட்டுப் போயிற்று. ஷெப்பர்ட் மறுநாள் மீண்டும் பயிற்சிப் பந்து எறியப் போனார்.

ஆகஸ்ட் 4, சனிக்கிழமை. ஐரோப்பாவிற் போர் ஓய்ந்து மூன்று மாதங்கள். ஹிரோஷிமாவில் அணுகுண்டு விழுவதற்கு இரண்டு நாட்கள் இருந்தன. வாஷிங்டன் நகரில் கிரிஃபித் மைதானத்தில் பொஸ்ரன் ரெட் சொக்ஸ் கழகத்தோடு ஒரே நாளில் இரண்டு ஆட்டங்கள். தொடர்ந்து பல நாட்கள் இவ்வாறு இரட்டை ஆட்டங்கள் ஆடியதால் வாஷிங்டனின் பந்தெறிவாளர்கள் களைத்துப் போயிருந்தனர். இரண்டாவது ஆட்டத்தின் நான்காவது இன்னிங்ஸில் பொஸ்ரன் அணியினர் அடிக்கத் தொடங்கினர். முதலில் எறிந்தவர் விலக்கப்பட்டார். அவருக்குப் பதிலாக ஜோ கிளியறி வந்தார்.

கிளியறியைப் பற்றியும் ஒரு சொல் கூற வேண்டும். அயர்லாந்தின் கோர்க் நகரிற் பிறந்து, சிறுவயதில் நியூயோர்க் வந்து சேர்ந்தவர். மேஜர் லீக்கில் அவருக்கு அதுவே முதல் ஆட்டம். ஒன்றன்பின் ஒன்றாக அடி விழுந்தது. ஒரே ஒருவரை மாத்திரம் ஆட்டமிழக்கச் செய்த அவர் ஏழு ஓட்டங்களைக் கொடுத்தார். பொஸ்ரன் வீரர் ரொம் மக்பிரைட் அந்த ஒரே இன்னிங்ஸில் ஆறு ஓட்டங்கள் வரக் காரணமானார். முகாமையாளர் கிளியறியையும் விலக்கினார். அதன்பின் அவர் மேஜர் லீக்கில் எறிந்ததே இல்லை. அவருடைய சராசரி 189.00 என்று பதிவாயிற்று. முழு உடலோடு, தன் வாழ்நாட் கனவின் வாசலில் கால் வைத்த ஒருவருக்கு அன்றைய நாள் கொடுத்த எண் அது.

ஓட்டங்கள் 14க்கு 2. மூன்று தளங்களிலும் பொஸ்ரன் வீரர்கள் நின்றனர். இருவர் ஆட்டமிழந்திருந்தனர். தோற்றுவிட்ட ஆட்டம். நல்ல பந்தெறிவாளர் ஒருவரை இதிற் செலவிட முகாமையாளர் விரும்பவில்லை. ஷெப்பர்டை அழைத்தார். ஏறக்குறைய பதின்மூவாயிரம் பேர் பார்த்துக்கொண்டிருக்க, அவர் மேட்டுக்கு நடந்து சென்றார். எதிரே அடிக்க நின்றவர் ஜோர்ஜ் மெட்கோவிச். ஷெப்பர்ட் அவரை அடிக்கவிடாமலே ஆட்டமிழக்கச் செய்தார். மூன்று தளங்களில் நின்றவர்களும் நின்றபடியே திரும்பினர். மைதானம் எழுந்து ஆரவாரித்தது.

அந்த ஆரவாரத்தை நாம் இரக்கத்தின் ஆரவாரம் என்று சொல்லலாம். ஆனால் அடுத்து நடந்தவற்றை அவ்வாறு சொல்லிவிட முடியாது. ஷெப்பர்ட் அந்த ஆட்டத்தின் இறுதிவரை எறிந்தார். ஐந்து இன்னிங்ஸும் மூன்றில் ஒன்றும் என்றால் பதினாறு ஆட்டமிழப்புகள். அவ்வளவு நேரத்தில் பொஸ்ரன் அணிக்குக் கிடைத்தவை மூன்று அடிகளும் ஓர் ஓட்டமுமே. பொஸ்ரன் அணியினர் அவருக்காக மெதுவாக அடித்தனர் என்று எண்ணுவோரும் இருக்கலாம். சம்பளத்துக்கு ஆடுபவனுக்கு ஒவ்வோர் அடியும் அடுத்த ஆண்டுக்குரிய ஒப்பந்தம். படைக்குப் போன பெரியவர்கள் திரும்பி வருமுன் தமது பெயரை நிலைநிறுத்திக்கொள்ள வேண்டிய அவசரம் அந்த ஆண்டில் எல்லோருக்கும் இருந்தது. ஆட்டம் 15க்கு 4 என்ற கணக்கில் முடிந்தது. வாஷிங்டன் தோற்றது. ஷெப்பர்ட் தோற்கவில்லை.

அதன்பின் அந்தப் பருவத்தில் அவர் ஒருபோதும் எறிய அழைக்கப்படவில்லை. ஆகஸ்ட் மாத இறுதியில் அதே மைதானத்தில் அவருக்குப் போர்வீரத்துக்கான உயர் பதக்கம் சூட்டப்பட்டது. கூட்டம் மறுபடியும் கைதட்டியது. பதக்கம் தந்தவர்கள் பந்தைத் தரவில்லை. பருவ முடிவில் டெற்றொயிற் கழகத்துக்கு ஒன்றரை ஆட்டம் பின்தங்கி வாஷிங்டன் இரண்டாம் இடத்தைப் பெற்றது. ஒன்றரை ஆட்டம் என்பது மிகச் சிறிய இடைவெளி. ஷெப்பர்டை இன்னும் சில நாட்கள் எறிய விட்டிருந்தால் என்ன ஆகியிருக்கும் என்று அந்தக் கழகத்தை நேசித்தோர் பிற்காலத்தில் எண்ணிப் பார்த்திருக்கக்கூடும். அதற்கு விடை இல்லை. ஒரே ஓர் ஆட்டத்தைக் கொண்டு ஒருவரைப் பெரும் பந்தெறிவாளர் என்று நிறுவவும் இயலாது. ஆனால் அவரைப் பற்றிய சந்தேகத்துக்கு ஆதாரமாக அந்தக் கழகத்தினர் கையில் அன்று எந்த எண்ணும் இருக்கவில்லை என்பதை நாம் குறித்துக்கொள்ள வேண்டும். இருந்த ஒரே எண் 1.69.

இரக்கம் இருமுனையுள்ளது. செயலாளர் பற்றர்சனின் இரக்கமும் கிரிஃபித்தின் பெருந்தன்மையும் இல்லையேல் ஷெப்பர்ட் அந்த மைதானத்துக்குள் கால் வைத்திருக்க மாட்டார். அவர்களை நாம் போற்றவே வேண்டும். அதே இரக்கந்தான் அவரைப் பயிற்றுநர் என்ற இருக்கையிலும் அமர்த்தி வைத்தது. அவருடைய நடையைக் காண மக்கள் விரும்பினர். அவருடைய எறியைச் சோதிக்க எவரும் விரும்பவில்லை. ஒருவரை எடுத்துக்காட்டாகக் கொள்ளுதல் வேறு; வேலையாளாகக் கொள்ளுதல் வேறு. ஷெப்பர்ட் கேட்டது வேலை.

அந்த ஆண்டில் இதே நிலையில் இன்னொருவரும் இருந்தார். சிறுவயதிலே வலக்கையை இழந்த பீற் கிரே, சென் லூயிஸ் பிறவுண்ஸ் கழகத்துக்காக 1945இல் 77 ஆட்டங்கள் ஆடினார். இவ்விருவருக்கும் இடம் கிடைத்தது ஆட்பஞ்சத்தினால் என்பது பொதுவான கருத்து. கருத்திற் பிழையில்லை. போர் முடிந்து பெரியவர்கள் திரும்பியதும் 1946இல் இருவருமே மேஜர் லீக்கில் இல்லை. ஷெப்பர்ட் மீண்டும் மைனர் லீக்கிற்குச் சென்றார். சிற்றூர்களுக்கிடையே பஸ்ஸிற் பயணம், சிறிய மைதானம், சிறிய சம்பளம். காலில் மேலும் சத்திரசிகிச்சைகள் தேவைப்பட்டன. அவற்றால் ஆண்டுகள் வீணாயின. 1949இல் கனெற்றிகற் மாநிலத்தின் வோற்றபெரி நகர அணிக்கு ஆட்டக்காரரும் முகாமையாளருமாக ஒருங்கே பணியாற்றினார். 1950களிலும் விட்டுவிட்டு ஆடினார். அவருக்காகக் கூட்டம் எழுந்து நின்ற காலம் போய்விட்ட பின்னரும் அவர் எறிந்துகொண்டிருந்தார் என்பது இங்கே கவனிக்கத்தக்கது. விளம்பரத்துக்காக எறிந்தவராயின் 1945ஓடு நிறுத்தியிருப்பார்.

இன்னுமோர் ஒப்பீடும் உண்டு. மொன்ரி ஸ்ராற்றன் என்பவர் சிக்காகோ வைற் சொக்ஸ் கழகத்தின் சிறந்த பந்தெறிவாளராக இருந்து, 1938இல் வேட்டையாடுகையில் நேர்ந்த விபத்திற் காலை இழந்தார். 1946இல் மைனர் லீக்கில் எறிந்து 18 வெற்றிகள் பெற்றார். அவருடைய கதை 1949இல் திரைப்படமாக வந்து புகழ் பெற்றது. ஆனால் கால் இழந்தபின் அவர் மேஜர் லீக்கில் எறியவில்லை. செயற்கைக் காலுடன் மேஜர் லீக்கில் எறிந்தவர் ஷெப்பர்ட் ஒருவரே. அவருடைய பெயரோ ஆட்டத்தின் வரலாற்றை ஆழ்ந்து படிப்பவர்களுக்கே தெரிந்த பெயராக நின்றுவிட்டது.

தமிழிலக்கியம் பயில்வோருக்கு இவ்விடத்தில் நமது புறத்திணை நினைவுக்கு வரும். மார்பில் ஏற்ற விழுப்புண்ணை வீரனின் அணியாகக் கண்டவர்கள் நம் முன்னோர். களத்தில் விழுந்தவனுக்கு நடுகல் நாட்டினர். புண்பட்டுக் கிடக்கும் கணவனைப் பேய் தீண்டாதபடி மனைவி காத்திருப்பதையும் ஒரு துறையாக வகுத்தனர். ஆனால் புண் ஆறி எழுந்தவன் மறுநாள் என்ன செய்தான்? ஏர் பிடிக்கப் போனானா, மீன் பிடிக்கப் போனானா, அவனை யாராவது வேலைக்குச் சேர்த்துக்கொண்டார்களா? அதற்குத் துறை வகுத்ததாகத் தெரியவில்லை. இக்குறை நமக்கு மட்டும் உரியதன்று. பதக்கமும் பாட்டும் நடுகல்லும் எல்லா நாட்டிலும் காயத்தோடு முடிந்துவிடுகின்றன. காயத்துக்குப் பின் வருகின்ற நீண்ட வாழ்க்கை அவரவர் தனிப்பாடு. ஷெப்பர்டின் வாழ்க்கை அந்த மறுநாளின் வாழ்க்கை. அதனாலேயே அது நாம் படிக்க வேண்டியதாகின்றது.

ஆட்டத்தை விட்டபின் அவர் கலிபோர்னியாவிற் குடியேறி, பாதுகாப்புப் பொறியியலாளராக வேலை செய்தார். கோல்ஃப் ஆடினார். அவயவம் இழந்தோருக்கான அமெரிக்க தேசியக் கோல்ஃப் போட்டியில் இரு தடவைகள் முதலிடம் பெற்றார். அங்கே எல்லோரும் ஒரே நிலையினர், இரக்கப்படுவார் இல்லை. அது அவருக்குப் பிடித்திருக்க வேண்டும்.

1990களின் தொடக்கத்தில் ஆங்கிலேயர் ஒருவர் வேட்டைக்காக ஹங்கேரி சென்றிருந்தபோது முதிய வைத்தியர் ஒருவரைச் சந்தித்தார். போர்க்காலத்தில் தாம் காத்த அமெரிக்க விமானி ஒருவனைப் பற்றி அந்த வைத்தியர் அவரிடம் கூறினார். அவன் பிழைத்தானா என்பதை அறிய விரும்பினார். அவர்தாம் லொய்டில். தேடித் தொடர்புகொண்டனர். 1993இல், விழுந்த நாளிலிருந்து நாற்பத்தொன்பது ஆண்டுகள் கழித்து, ஷெப்பர்ட் ஐரோப்பாவுக்குச் சென்று அவரைக் கண்டார். வயலிற் சூழ்ந்த குடியானவர்களையும், இடம் தர மறுத்த வைத்தியசாலையையும் பற்றி ஷெப்பர்ட் அறிந்துகொண்டது அவர் வாயிலாகவே. தாம் தூக்கிச் சென்ற நோயாளி பின்னர் ஆயிரக்கணக்கானோர் முன்னிலையில் ஒன்பதாவது இன்னிங்ஸ் வரை நின்று எறிந்தான் என்பது அந்த முதியவருக்கும் புதிய செய்தியாகவே இருந்திருக்கும்.

ஷெப்பர்ட் 2008ஆம் ஆண்டு ஜூன் 16ஆம் திகதி, தமது எண்பத்தேழாவது வயதில் காலமானார்.

தொடக்கத்தில் எழுப்பிய வினாவுக்கு வருவோம். பதிவேட்டில் செயற்கைக் காலுக்கென ஒரு நிரல் இல்லாதது குறையா? மைதானம் அவரை வீரர் என்றது. பத்திரிகை அவரை அற்புதம் என்றது. கழகம் அவரைப் பயிற்றுநர் என்றது. பதிவேடு ஒன்றே அவரைப் பந்தெறிவாளர் என்றது. இரண்டு கால் உள்ள கிளியறிக்கு எந்த அளவுகோலோ, அதே அளவுகோல் அவருக்கும். முகாமின் முற்றத்தில் முதற்பந்தை எறிந்த நாள் முதல் அவர் வேண்டி நின்றது அதுவே. ஒரே ஒரு பிற்பகலாவது அது அவருக்குக் கிடைத்தது. இன்னும் சில பிற்பகல்கள் கிடைத்திருக்க வேண்டும் என்று நமக்குத் தோன்றுமாயின், அது அவர்மீது நாம் கொள்ளும் இரக்கம் அன்று; அந்த எண்ணைப் படித்தறிந்தவர்களின் கணக்கு.